சாம்பிள் எடுக்கும் பொருட்களை எதை வைத்து ஆர்டர் செய்வது?

கேள்வி: இரண்டு மருத்துவர்கள் பார்க்கும் சிறிய கிளினிக்கில் செவிலியராக இருக்கிறேன். பொருட்கள் வாங்கும் பொறுப்பு அண்மையில் என்னிடம் வந்தது. நாளொன்றுக்குச் சுமார் 20 பேருக்கு ரத்தம் எடுக்கிறோம். சிறுநீர், மலம், தொண்டை ஸ்வாப் (பஞ்சுக் குச்சியால் எடுப்பது) உண்டு. எப்போதாவது சிறிய பயாப்சியும் (திசுத் துண்டு) வரும். எல்லாம் வெளி லேபுக்குத்தான் போகிறது. பர்ப்பிள் மூடி டியூப் அடிக்கடி தீர்ந்துபோகிறது. நீல மூடி டியூபோ பாதிக்குப் பாதி காலாவதியாகிக் கிடக்கிறது. போன மாதம் ‘அளவு போதாது’, ‘தவறான கொள்கலன்’ என்று லேப் சில சாம்பிள்களைத் திருப்பிவிட்டது. எதை, எவ்வளவு, எப்படி ஆர்டர் செய்வது? மலிவான பிராண்டுக்கு மாறலாமா என்றும் டாக்டர் கேட்கிறார்.

பதில்: தீர்ந்துபோவது, காலாவதியாவது, லேப் திருப்பி அனுப்புவது ஆகிய மூன்றும் பெரும்பாலும் ஒரே இடத்தில்தான் தொடங்குகின்றன. ஆர்டர் பட்டியலைப் போன தடவை பில்லைப் பார்த்தோ, சப்ளையர் கொடுத்த கேட்டலாக்கைப் பார்த்தோ எழுதுகிறோம். அதை எழுத வேண்டியது லேபின் சாம்பிள் சேகரிப்புக் கையேட்டைப் பார்த்து. நீங்கள் வாங்கும் டியூப் லேபின் இயந்திரத்துக்கும் பரிசோதனை முறைக்கும் பொருந்தாவிட்டால், நோயாளி இரண்டாம் முறை கையை நீட்ட வேண்டியிருக்கும். அதனால் இந்த வேலையை அலமாரிக் கணக்காக நினைக்காமல் சிகிச்சையின் ஒரு பகுதியாகவே நினைத்துச் செய்யுங்கள்.

முதலில் லேபிடம் அவர்களுடைய நடப்புக் கையேட்டைக் கேட்டு வாங்குங்கள். பிறகு கடந்த மூன்று மாதப் பரிசோதனைப் பதிவேட்டை எடுத்து, உங்கள் மருத்துவர்கள் எந்தெந்தப் பரிசோதனைகளை எழுதுகிறார்கள் என்று பாருங்கள். எவ்வளவு பெரிய பதிவேடாக இருந்தாலும், திரும்பத் திரும்ப வருவது முப்பது நாற்பது பெயர்கள்தான் இருக்கும். ஒவ்வொன்றின் எதிரிலும் டியூபின் உள்ளே இருக்க வேண்டிய மருந்து (ரத்தத்தோடு கலக்கும் வேதிப்பொருள்), குறைந்தபட்ச அளவு, வைத்திருக்க வேண்டிய வெப்பநிலை, லேபை எட்ட வேண்டிய நேரம் ஆகியவற்றை எழுதுங்கள். எழுதும்போதே சில விஷயங்கள் தெளிவாகும். ரத்த அணுக்கள் எண்ணிக்கையும் சில மாதச் சராசரிச் சர்க்கரையைக் காட்டும் எச்பிஏ1சியும் ஒரே இடிடிஏ டியூபில் (ரத்தம் உறையாமல் தடுக்கும் பொருள் உள்ள பர்ப்பிள் மூடி) முடிந்துவிடும் என்றால் அந்த நோயாளிக்கு இரண்டு பர்ப்பிள் தேவையில்லை. சிவப்பணு படியும் வேகமான ஈஎஸ்ஆரையும் பல லேப்கள் இப்போது இடிடிஏ ரத்தத்திலேயே பார்க்கின்றன. உங்கள் லேப் அப்படிச் செய்தால், அதற்கான கறுப்பு மூடி டியூபைப் பட்டியலிலிருந்தே எடுத்துவிடலாம். பரிசோதனைகளை எண்ணி டியூப் வாங்குபவர்களிடம் சில டியூப் குவிந்துவிடும். ஒரு முறை ஊசி குத்தும்போது என்னென்ன டியூப் நிரப்பப்படுகிறது என்பதைத்தான் எண்ண வேண்டும்.

எந்தெந்தப் பொருட்களை லேபே கொடுக்கும் என்பதையும் அப்போதே கேட்டுவிடுங்கள். தங்களுக்கு வரும் சாம்பிள்களுக்கான டியூப், சிறுநீர்ப் பாட்டில், ஸ்வாப், போக்குவரத்துப் பை ஆகியவற்றைப் பல லேப்கள் தாங்களே தருகின்றன. அவற்றை அந்த லேபுக்குப் போகும் சாம்பிளுக்கு மட்டுமே பயன்படுத்த வேண்டும். ஊசி, கையுறை, பஞ்சு போன்றவற்றைப் பொதுவாக நாம்தான் வாங்கிக்கொள்ள வேண்டியிருக்கும்.

அடுத்தது பெயர். ஆர்டரில் மூடியின் நிறத்தை மட்டும் எழுதாதீர்கள். ‘மஞ்சள் மூடி’ என்றால் ஒரு வரிசையில் ஜெல் உள்ள சீரம் டியூப், இன்னொன்றில் ஏசிடி கரைசல் உள்ள டியூப், மற்றொன்றில் ரத்தக் கல்ச்சருக்கான (கிருமியை வளர்த்துப் பார்க்கும் பரிசோதனை) எஸ்பிஎஸ் டியூப். ஸார்ஸ்டெட் நிறுவனத்தின் மோனோவெட் வகை டியூப்களின் ஐரோப்பிய நிற வரிசையில் இடிடிஏ சிவப்பு, சிட்ரேட் பச்சை, ஃப்ளோரைடு மஞ்சள். வேக்யூட்டெய்னர் பிராண்ட் டியூப் பழகிய கைக்கு அது முற்றிலும் வேறு உலகம். ஆகவே ‘3.2 சதவீத சோடியம் சிட்ரேட், 2.7 மி.லி. ரத்தம் இழுப்பது, 13 × 75 மி.மீ., பிளாஸ்டிக், இந்தக் கேட்டலாக் எண்’ என்று முழுதாக எழுதுங்கள். டியூபின் நீள அகலம் அவசியமா என்று தோன்றலாம். லேபின் இயந்திரத்தில் டியூப் உட்காரும் ரேக் குறிப்பிட்ட அளவுக்குத்தான் செய்யப்பட்டிருக்கும்; பொருந்தாத டியூபில் இருக்கும் சாம்பிளைக் கையால் தனியாக எடுத்து ஓட்ட வேண்டிவரும்.

ரத்தம் உறையாமல் தடுக்கும் சிட்ரேட்டிலேயே ஒரு பொறி இருக்கிறது. ரத்தம் உறையும் நேரம் பார்க்கும் நீல மூடியில் ரத்தம் 9 பங்கு, சிட்ரேட் 1 பங்கு. ஈஎஸ்ஆருக்கான கறுப்பு மூடியில் ரத்தம் 4 பங்கு, சிட்ரேட் 1 பங்கு. இரண்டின் லேபிளிலும் ‘சோடியம் சிட்ரேட்’ என்றே இருப்பதால், ஒன்றைக் கேட்டால் மற்றொன்று வந்து சேர்வது நடக்கக்கூடியதே. உறையும் நேரத்தை அளக்கும் பிடி–ஐஎன்ஆர் பார்க்க வேண்டிய ரத்தம் கறுப்பு மூடியில் போனால் முடிவு முழுக்கத் தவறாகும்.

‘அளவு போதாது’ என்று திரும்பியவற்றில் நீல மூடி இருந்ததா என்று பாருங்கள். இருந்திருக்க நிறைய வாய்ப்பு. 9-க்கு 1 என்ற விகிதம் குலையக் கூடாது என்பதால், குறித்த அளவில் 90 சதவீதமாவது நிரம்பாத சிட்ரேட் டியூபை லேப் ஏற்காது. ரத்தம் குறைந்தால் சிட்ரேட் மிஞ்சி, உறையும் நேரம் பொய்யாக நீளும். ரத்தம் உறைவதைக் குறைக்கும் வார்ஃபரின் சாப்பிடுபவருக்கு அந்தப் பொய் எண்ணை நம்பி மருந்தளவை மாற்றினால் என்ன ஆகும் என்று சொல்ல வேண்டியதில்லை.

டியூப் நிரம்பாமல் போவதற்குப் பொதுவாக மூன்று காரணங்கள். முதலாவது, சிறகும் மெல்லிய குழாயும் உள்ள பட்டர்ஃபிளை ஊசி. அதன் மெல்லிய குழாயில் இருக்கும் காற்று முதல் டியூபுக்குள் போய், அதே அளவு ரத்தத்துக்கு இடமில்லாமல் செய்துவிடும். நீல மூடிதான் முதல் டியூப் என்றால், அதற்கு முன் ஒரு ‘வீண் டியூபில்’ கொஞ்சம் ரத்தம் விட வேண்டும். அதுவும் சிட்ரேட்டாகவோ மருந்து எதுவும் இல்லாத டியூபாகவோ இருக்க வேண்டும். உறைதலைத் தூண்டும் பூச்சுள்ள சாதாரணப் பிளாஸ்டிக் சிவப்பு மூடி இதற்கு ஆகாது. எத்தனை பட்டர்ஃபிளை வாங்குகிறீர்களோ, அதற்கேற்ப இந்தக் கூடுதல் டியூபையும் கணக்கில் சேருங்கள். பெரும்பாலோர் விட்டுவிடும் வரி இது.

இரண்டாவது காரணம் வெற்றிடம் குறைந்த டியூப். டியூபுக்குள் தொழிற்சாலையில் அடைத்த வெற்றிடம்தான் ரத்தத்தை இழுக்கிறது. அது நாள்பட நாள்பட மெல்லக் கசியும். காலாவதித் தேதி என்பது உள்ளே இருக்கும் மருந்துக்கு மட்டுமன்றி இந்த வெற்றிடத்துக்கும் சேர்த்துத்தான். பிளாஸ்டிக் சிட்ரேட் டியூபில் திரவமும் ஆவியாகிக் குறையும். அதனால்தான் நீல மூடிக்கு ஆயுள் பர்ப்பிளைவிடக் குறைவு. பெரும்பாலான டியூப்களுக்கு 4 முதல் 25 டிகிரி செல்சியஸ் வரை என்று பெட்டியிலேயே அச்சிட்டிருப்பார்கள். ஜன்னல் ஓரம், ஸ்டெரிலைசர் பக்கம், வண்டியின் பின்பகுதி எல்லாம் இந்த எல்லையைத் தாண்டிவிடும்.

மூன்றாவது, ரத்த நரம்புக்குப் பொருந்தாத டியூப். மெல்லிய நரம்பில் 6 மி.லி. டியூபை மாட்டினால் இழுப்பு தாங்காமல் நரம்பு ஒட்டிக்கொள்ளும், ரத்தம் நின்றுவிடும். முதியவர்களுக்கும் அடிக்கடி ரத்தம் கொடுப்பவர்களுக்கும் 2 மி.லி. இழுக்கும் டியூப்களை ஓரளவு வைத்திருங்கள். குழந்தைகளுக்குப் பெரிய இடிடிஏ டியூபில் அரை மி.லி. விட்டு அனுப்பக் கூடாது. மருந்து மிஞ்சினால் சிவப்பணுக்கள் சுருங்கி எண்கள் மாறும். அதற்கென்றே 0.5 மி.லி. மைக்ரோ டியூப் இருக்கிறது. அதை வாங்கும்போது தோலைக் குத்தும் லேன்செட்டையும் சேர்த்து வாங்குங்கள்.

ஊசியில் (கேஜ் எண் கூடினால் ஊசி மெல்லியது) 21 கேஜும் 22 கேஜும் பெரும்பாலோருக்குப் போதும். பட்டர்ஃபிளையில் 23 கொஞ்சம். 25 கேஜில் வேகமாக இழுத்தால் சிவப்பணு உடைந்து பொட்டாசியம் ஏறிக் காட்டும். லேப் ‘ஹீமோலைஸ்டு’ என்று எழுதும். ஊசியும் டியூபைச் செருகும் ஹோல்டரும் ஒரே தயாரிப்பாளருடையதாக இருக்கட்டும். மரை சரியாகப் பிடிக்காத ஹோல்டரில், டியூப் மாற்றும் நேரத்தில் ஊசி கழன்றுவிடும் ஆபத்து உண்டு. சிரிஞ்சில் எடுத்து, ஊசியோடு டியூப் மூடியைக் குத்தி அழுத்தும் பழக்கம் உங்கள் கிளினிக்கில் இருந்தால், அடுத்த ஆர்டரிலேயே சிரிஞ்சிலிருந்து டியூபுக்கு ரத்தத்தை மாற்றும் டிரான்ஸ்ஃபர் டிவைஸ் ஒரு பெட்டி சேருங்கள். ஊசிக்குத்துக் காயமும் அணு உடைதலும் இரண்டும் குறையும்.

ஜெல் உள்ள சீரம் டியூப் வசதியானது. 30 நிமிடம் உறையவிட்டு, இயந்திரத்தில் சுழற்றினால் சீரம் தனியே நிற்கும். ஆனால் வலிப்புக்கான ஃபெனிட்டாயின் போன்ற மருந்துகளின் ரத்த அளவு பார்க்க அது நம்பகமானதல்ல. ஜெல் அந்த மருந்தில் கொஞ்சத்தை உறிஞ்சிவிடும். அதற்காக ஜெல் இல்லாத சிவப்பு மூடியில் ஒரு சிறு பொட்டலமாவது எப்போதும் இருக்கட்டும். சர்க்கரைக்கு ஃப்ளோரைடு உள்ள சாம்பல் மூடி. சாதாரண டியூபில் சுழற்றாமல் வைத்த ரத்தத்தில் அணுக்கள் சர்க்கரையைத் தின்றுகொண்டே இருக்கும். மணிக்குச் சுமார் 5 முதல் 7 சதவீதம் குறையும். லேப் வண்டி மதியம்தான் வரும் என்றால் சாம்பல் மூடி கட்டாயம். ஆனால் ஃப்ளோரைடும் உடனே முழுதாக வேலை செய்யாது. முதல் ஒன்றிரண்டு மணி நேரம் கொஞ்சம் குறையத்தான் செய்யும்.

இனி எவ்வளவு என்ற கணக்கு. பழைய பில்லிலிருந்து இதைப் போடாதீர்கள். காலாவதியாகிக் குப்பையில் போனதும் அதில் சேர்ந்திருக்கும். பதிவேட்டிலிருந்து எடுங்கள். நாளொன்றுக்கு 20 பேர், வாரத்தில் 6 நாள் என்றால் 120 பேர். அதில் வாரத்துக்குச் சராசரி 90 இடிடிஏ போகிறது, கூட்டமான வாரத்தில் 110 போகிறது என்று வைத்துக்கொள்வோம். சப்ளையரிடமிருந்து வழக்கமாக 2 வாரத்தில் சரக்கு வரும். தாமதமானால் 3 வாரம். கூட்டமான வாரத்தையும் மோசமான தாமதத்தையும் பெருக்குங்கள்: 110 × 3 = 330. கையிருப்பு 330-ஐத் தொட்ட அன்றே ஆர்டர் போக வேண்டும். பெட்டி காலியான பிறகு ஆர்டர் எழுதுவதுதான் உங்கள் பர்ப்பிள் தீர்ந்துபோவதற்குக் காரணமாக இருக்கும். ஒவ்வொரு முறையும் 4 வாரத் தேவை, அதாவது 360. நூறு நூறாகத்தான் பொட்டலம் வரும் என்பதால் 400. வழக்கம்போல 2 வாரத்தில் வந்தால் அன்று உங்களிடம் சுமார் 550 இருக்கும், 6 வாரத்துக்குச் சற்று மேல். காலாவதிக்கு இது பயமில்லாத அளவு.

அதே கணக்கை நீல மூடிக்குப் போட்டால் முகம் மாறும். வாரத்துக்கு 6, அதிகமானால் 10. ஆர்டர் செய்ய வேண்டிய மட்டம் 30. ஆனால் ஒரு பொட்டலம் 100. அதைத் தீர்க்க 16 வாரத்துக்கு மேல் ஆகும். கையில் 30 இருக்கும்போதே ஆர்டர் செய்வதால், வரும் பொட்டலத்தின் கடைசி டியூப் கையிலேறச் சுமார் 5 மாதம் பிடிக்கலாம். சப்ளையர் 3 மாத ஆயுளே மிச்சமுள்ள லாட்டை (ஒரே தொகுதியாகத் தயாரித்த சரக்கு) அனுப்பினால் கணிசமான பங்கு வீண்தான். நீங்கள் பார்க்கும் காலாவதிக் குவியல் இப்படி உருவானதாகவே இருக்கும். இதற்கு மருந்து, ஆர்டரிலேயே ‘வந்து சேரும் நாளில் குறைந்தது 6 மாத ஆயுள் மீதமிருக்க வேண்டும், இல்லையேல் ஏற்கமாட்டோம்’ என்று எழுதுவது. அது முடியாதென்றால், 50 எண்ணிக்கைப் பொட்டலம் கிடைக்குமா என்றோ லேபிடமே சிறு அளவில் வாங்க முடியுமா என்றோ கேளுங்கள். குறைவாகப் போகும் டியூபுக்குப் பெரிய பெட்டித் தள்ளுபடி லாபமே இல்லை.

ஊசியை ஆட்கணக்கில் பார்த்து, முதல் குத்தில் கிடைக்காதவர்களுக்காக ஐந்தில் ஒரு பங்கு கூட்டிக்கொள்ளுங்கள். கையில் கட்டும் டூர்னிக்கெட் பட்டி ஒருவருக்கு ஒன்று, லேடெக்ஸ் இல்லாதது. பயன்படுத்திய ஊசியைப் போடும் டப்பா முக்கால் பங்கு நிறைந்ததும் மூட வேண்டியது என்பதால், அதன் லிட்டர் கணக்கை முழுதாக நம்பி எண்ணிக்கையைக் குறைக்காதீர்கள்.

‘தவறான கொள்கலன்’ என்று வந்தது பெரும்பாலும் ரத்தம் அல்லாதவற்றில்தான் இருக்கும். சிறுநீர்க் கல்ச்சருக்கு ஸ்டெரைல் பாட்டில் வேண்டும். சாதாரணச் சிறுநீர்ப் பரிசோதனைக்குச் சுத்தமான பாட்டில் போதும். இரண்டையும் ஒரே அலமாரித் தட்டில் வைத்தால் அவசரத்தில் மாறும். பதப்படுத்தி இல்லாத சிறுநீர் 2 மணி நேரத்துக்குள் லேபைச் சேர வேண்டும், அல்லது ஃபிரிட்ஜில் 24 மணி நேரம் வரை. உங்கள் சாம்பிள் மறுநாள்தான் போகிறதென்றால் போரிக் அமிலம் உள்ள டியூபை வாங்கலாம். 48 மணி நேரம் வரை தாங்கும். ஆனால் அதைக் கோடு வரை நிரப்பியே ஆக வேண்டும். குறைவாக நிரப்பினால் அமிலத்தின் செறிவு ஏறி, தேட வேண்டிய கிருமியையே கொன்றுவிடும்.

ஸ்வாபில் பஞ்சும் குச்சியும் எதனால் ஆனவை என்பது முக்கியம். பாக்டீரியா கல்ச்சருக்கு, வழியில் கிருமி சாகாமல் காக்கும் அமீஸ் போன்ற போக்குவரத்து ஊடகம் உள்ள ஸ்வாப். வைரஸின் மரபணுவைத் தேடும் பிசிஆருக்கு வைரஸ் போக்குவரத்து ஊடகமும் நைலான் அல்லது பாலியெஸ்டர் முனையும். மரக்குச்சியும் கால்சியம் ஆல்ஜினேட் முனையும் பிசிஆரைத் தடுக்கும். பருத்தி முனை கொனோரியாக் கிருமிக்கு ஆகாது. ‘தொண்டை ஸ்வாப், 100’ என்று எழுதினால் இவற்றில் எது வேண்டுமானாலும் வரலாம். மலத்துக்கும் அப்படித்தான்: கல்ச்சருக்குக் கேரி–பிளேர் ஊடகம், ஒட்டுண்ணிக்கு ஃபார்மலின் உள்ள புட்டி, சில பரிசோதனைகளுக்கு ஒன்றும் சேர்க்காத கரண்டி மூடிப் பாட்டில்.

பயாப்சிக்கு 10 சதவீத நியூட்ரல் பஃபர்டு ஃபார்மலின் ஏற்கெனவே நிரப்பிய, அகன்ற வாயுள்ள பாட்டிலையே வாங்குங்கள். திசுவைப்போல் குறைந்தது பத்து மடங்கு திரவம் இருக்க வேண்டும். குறுகிய வாய்ப் பாட்டிலில் திணித்த திசு கெட்டியான பிறகு வெளியே வராது. எப்போதாவதுதான் பயாப்சி என்பதால் 20 மி.லி., 60 மி.லி. இரண்டிலும் பத்துப் பத்து போதும். கல்ச்சருக்குப் போகும் திசு எக்காரணம் கொண்டும் ஃபார்மலினில் போகக் கூடாது. ஸ்டெரைல் சலைன் உள்ள தனிப் பாட்டில் வைத்திருங்கள்.

சாம்பிளை வெளியே அனுப்புவதற்கு மூன்றடுக்குக் கட்டு வேண்டும்: கசியாத டியூப், அதைச் சுற்றி உறிஞ்சும் துணியோடு கசியாத இரண்டாம் பை, வெளியே கெட்டியான பெட்டி. நோயறியும் சாம்பிள்களில் பெரும்பாலானவை ‘யு.என். 3373’ என்ற போக்குவரத்துக் குறியோடு போகும். உறிஞ்சும் துணியைத்தான் பலர் வாங்க மறப்பார்கள்.

டாக்டர் கேட்ட மலிவு பிராண்ட் பற்றி: லேபின் எழுத்துபூர்வமான ஒப்புதல் இல்லாமல் மாற வேண்டாம். டியூபின் உட்பூச்சு, மூடியின் மசகு, ஜெல் ஆகியவை சில ஹார்மோன் பரிசோதனைகளில் குறுக்கிட்டது பதிவாகியிருக்கிறது. வெறும் கண்ணுக்கு இரண்டு டியூபும் ஒன்றுபோலத்தான் இருக்கும். லேப் சம்மதித்தால் முதலில் ஒரு பொட்டலம் மட்டும் வாங்கி, நிரம்பும் அளவு, மூடி கழலும் விதம், ஹோல்டரில் உட்காரும் விதம், சுழற்றும்போது வெடிக்கிறதா என்பதையெல்லாம் பாருங்கள். சாம்பிள் நிராகரிப்பு ஒரு வாரத்தில் இரண்டு மூன்று கூடினாலே, மிச்சப்பட்ட பணம் மறுபடி எடுக்கும் ஊசியிலும் நேரத்திலும் போய்விடும். ஆர்டரில் ‘எங்கள் அனுமதியின்றி மாற்றுப் பொருள் அனுப்பக் கூடாது’ என்ற வரியையும் மறக்காமல் சேருங்கள். எண்ணிக்கை எழுதும்போது அது தனித்தனி டியூபா, பொட்டலமா, பெரிய பெட்டியா என்று குறியுங்கள். ‘10’ என்று மட்டும் எழுதிய ஆர்டருக்கு 10 டியூபும் வரலாம், 10,000 டியூபும் வரலாம்.

சரக்கு வந்ததும் கையெழுத்துப் போடுவதற்கு முன் கேட்டலாக் எண், எண்ணிக்கை, லாட் எண், காலாவதித் தேதி ஆகியவற்றைச் சரிபாருங்கள். லாட் எண்ணைப் பதிவேட்டில் எழுதி வைத்தால், தயாரிப்பாளர் ஒரு லாட்டைத் திரும்பப் பெறும்போது எந்த நாள் சாம்பிள்கள் பாதிக்கப்பட்டன என்று சொல்ல முடியும். அடுக்கும்போது முதலில் வந்ததை முன்னே வைப்பதைவிட, முதலில் காலாவதியாவதை முன்னே வையுங்கள். பின்னால் வந்த லாட்டுக்கு ஆயுள் குறைவாக இருப்பதும் உண்டு. 330-ஆவது இடிடிஏ, 30-ஆவது சிட்ரேட் இருக்கும் இடத்தில் ஒரு வண்ண அட்டையைச் செருகிவிடுங்கள். அட்டை கையில் வந்தவர் அதை உங்கள் மேசையில் வைத்தால் போதும். நீங்கள் விடுப்பில் இருந்தாலும் ஆர்டர் நிற்காது.

இவ்வளவுக்குப் பிறகும் ஒரு நாள் ஏதாவது ஒரு டியூப் தீர்ந்துவிட்டால், லேபுக்கு ஃபோன் செய்து அவர்களிடமிருந்து ஒரு தட்டு வாங்கிவரச் சொல்லுங்கள், அல்லது எதை மாற்றாக ஏற்பார்கள் என்று கேளுங்கள். ஒரு டியூபிலிருந்து இன்னொரு டியூபுக்கு ரத்தத்தை ஊற்றி நிரப்ப யாரையும் அனுமதிக்காதீர்கள். இடிடிஏ டியூபில் இருப்பது பொட்டாசியம் உப்பு. அது சீரம் டியூபில் கொஞ்சம் கலந்தாலே பொட்டாசியம் எகிறும், கால்சியம் விழும். அந்த எண்ணைப் பார்த்து அவசரச் சிகிச்சைக்கு ஓட வேண்டிய நோயாளிக்கு உண்மையில் உடம்பில் ஒன்றுமே இருக்காது. டியூப் இல்லையென்றால் அவரிடம் சொல்லிவிட்டு, மறுநாள் காலை வரச் சொல்வது மேல்.